கடலுக்கடியில் முதலில் சினிமா எடுத்தது யார்?

கேட்கப்பட்ட கேள்வி இது: “கடலுக்கடியில் படம் எடுப்பது என்றாலே ழாக் கூஸ்தோ பெயரைத்தான் சொல்கிறார்கள். உண்மையிலேயே அவர்தான் முதல் ஆளா? அவருக்கு முன்னால் யாராவது இருந்தால், அவர்கள் பெயர் ஏன் நம் காதில் விழவே இல்லை?”

அவர் முதல் ஆள் இல்லை. பிரான்ஸைச் சேர்ந்த கடலடி ஆய்வாளரும் படமெடுப்பவருமான கூஸ்தோ தன் முதல் கடலடிப் படத்தை எடுத்தது 1942-ல். அதற்கு 28 ஆண்டுகள் முன்பே, 1914-ல், பஹாமாஸ் தீவுக் கடலில் ஒரு இரும்பு அறைக்குள் உட்கார்ந்து ஒரு சிறு குழு சினிமா கேமராவின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தது. அந்த வேலையை முன்னின்று நடத்தியவர் ஜான் எர்னெஸ்ட் வில்லியம்சன். சினிமா வரலாற்றில் இவ்வளவு பெரிய காரியத்தைச் செய்துவிட்டு இவ்வளவு முழுசாக மறக்கப்பட்ட ஆட்கள் குறைவு என்பது என் எண்ணம். அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

சினிமாவுக்கு முன்னால் அசையாப் படங்களின் கதை ஒன்று இருக்கிறது. அது தெரிந்தால்தான் வில்லியம்சன் செய்த காரியத்தின் விசேஷம் பிடிபடும்.

1856-ல் இங்கிலாந்தின் வேமத் விரிகுடாவில் வில்லியம் தாம்சன் என்ற வழக்கறிஞர் ஒரு பெட்டிக்குள் கேமராவை வைத்து, படகிலிருந்து கடலுக்குள் இறக்கிப் படம் எடுத்தார். பெட்டிக்குள் தண்ணீர் புகுந்துவிட்டது. மங்கலாக ஏதோ கிடைத்தது. அவர் அதோடு விட்டுவிட்டார். அடுத்து வந்தவர் லூயி பூத்தான் என்ற பிரெஞ்சு விலங்கியலாளர். ஸ்பெயின் எல்லைக்குப் பக்கத்தில் இருக்கும் பன்யுல்ஸ் என்ற கடற்கரை ஊரின் ஆய்வகத்தில் வேலை பார்த்தவர். உலோகத் தலைக்கவசம் போட்டு மூழ்கப் பழகியிருந்தார். கடலடியில் தான் பார்த்ததை மற்றவர்களுக்குக் காட்ட முடியவில்லையே என்ற தவிப்பு அவருக்கு. 1893-ல், பொறியாளரான தன் சகோதரர் ஒகுஸ்த் உதவியோடு நீர் புகாத செப்புப் பெட்டி ஒன்றைச் செய்து அதில் கேமராவை வைத்தார்.

அந்தப் பெட்டியில் எனக்கு மிகவும் பிடித்த ஒரு யோசனை உண்டு. ஆழம் போகப் போகத் தண்ணீர் பெட்டியை வெளியிலிருந்து அழுத்தும்; இடுக்கு எங்கே இருந்தாலும் உள்ளே வந்துவிடும். பூத்தான் சகோதரர்கள் பெட்டியோடு காற்று நிரப்பிய ஒரு ரப்பர் பையை இணைத்தார்கள். கடல் அந்தப் பையை நசுக்க நசுக்க, அதிலிருக்கும் காற்று பெட்டிக்குள் போய் உள்ளேயும் அதே அழுத்தத்தை உண்டாக்கும். வெளியே எவ்வளவு தள்ளுகிறதோ உள்ளேயும் அவ்வளவு தள்ளும். அப்புறம் தண்ணீர் புக என்ன காரணம் இருக்கிறது?

வெளிச்சம்தான் அவரை ஆட்டிப் படைத்தது. ஒரு படத்துக்கு அரை மணி நேரம் வரை கேமராவைத் திறந்து வைக்க வேண்டியிருந்தது. மீன் அவ்வளவு நேரம் நின்றுகொடுக்குமா? அதனால் ஒரு பெரிய மரப்பீப்பாயில் காற்றை நிரப்பி, அதன் மேல் கண்ணாடிக் கூண்டுக்குள் சாராய விளக்கை எரியவிட்டு, ரப்பர் உருண்டையை அமுக்கி மக்னீசியத் தூளை அந்தச் சுடர் மேல் ஊதி, கடலுக்கடியில் மின்னல் போல வெளிச்சம் உண்டாக்கினார். 1899-ல் மின்விளக்குகளை இறக்கி 50 மீட்டர் ஆழத்தில் கூடப் படம் எடுத்துக் காட்டினார். 1900-ல் கடலடிப் புகைப்படக் கலை பற்றி முதல் முழு நூலையும் எழுதினார்.

இவ்வளவையும் சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. பூத்தானின் வழியில் எல்லாம் தண்ணீருக்குள் நடந்தது. கேமரா, விளக்கு, ஆள் எல்லாமே நனைந்து, அழுத்தத்தைத் தாங்கி வேலை செய்தாக வேண்டும். அசையாப் படத்துக்கே இந்தப் பாடு. சினிமா கேமராவை நினைத்துப் பாருங்கள். அந்தக் காலத்தில் அது கையால் சுற்றும் கருவி. வேகம் கூடவோ குறையவோ கூடாது. சுருள் சிக்கினால் திறந்து சரிசெய்ய வேண்டும். தலைக்கவசமும் ஈயக் காலணியும் போட்ட ஒருவர் கடல் தரையில் நின்று இதைச் செய்ய முடியாது.

வில்லியம்சன் பிரச்சினையைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டார். கேமராவைத் தண்ணீருக்குப் பழக்குவதற்குப் பதிலாக, தரையில் இருக்கும் காற்றையே ஒரு அறையாகக் கீழே கொண்டுபோனார்.

அந்த யோசனைக்கு விதை அவருடைய அப்பா. சார்லஸ் வில்லியம்சன் ஒரு கப்பல் கேப்டன். மூழ்கிய கப்பல்களைப் பழுதுபார்க்கவும் சரக்குகளை மீட்கவும் ஒரு விசித்திரமான குழாயைக் கண்டுபிடித்திருந்தார். ஒன்றுக்குள் ஒன்று கோத்த இரும்பு வளையங்களால் ஆனது. ஆர்மோனியத்தின் துருத்தி போல நீளும், மடங்கும். மேல் முனை படகில் திறந்திருக்கும்; கீழ் முனை கடலுக்குள். ஒரு ஆள் உள்ளே இறங்கிப் போகும் அளவு அகலம். 250 அடி வரை இறக்கலாம் என்றார்கள். மேல் முனை திறந்தே இருப்பதால் உள்ளே இருப்பது நாம் தரையில் சுவாசிக்கும் அதே காற்று, அதே அழுத்தம். மூழ்கி வேலை செய்பவர்கள் அவசரமாக மேலே வந்தால் ரத்தத்தில் நைட்ரஜன் குமிழிகள் உண்டாகி முடங்கிப்போவார்களே, அந்த ஆபத்து இதில் கிடையாது. ஏணியில் இறங்கி, வேலை முடிந்ததும் ஏணியில் ஏறி வந்துவிடலாம்.

மகன் ஜான் எர்னெஸ்ட் 1881-ல் லிவர்பூலில் பிறந்தவர். அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில் நார்ஃபோக் நகரத்துச் செய்தித்தாள் ஒன்றில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். பத்திரிகைக்காரர் கண்ணுக்கு அப்பாவின் குழாய் வேறு மாதிரித் தெரிந்தது. கப்பலை மீட்கிற குழாயில் ஏன் ஒரு கேமராவை இறக்கக் கூடாது? 1913 வாக்கில் நார்ஃபோக் பக்கத்துக் கடலில் குழாயை இறக்கி, வெளியே ஒரு விளக்கைத் தொங்கவிட்டு, மீன்களைப் படம் எடுத்தார். படங்களைப் பார்த்தவர்கள் ஆச்சரியப்பட்டார்கள். சினிமாவாகவே எடுக்கலாமே என்ற பேச்சு அங்கிருந்து பிறந்தது.

குழாயின் அடியில் மாட்டுவதற்காக அவர் வடிவமைத்ததுதான் ‘ஃபோட்டோஸ்பியர்’. இரும்பாலான அறை, இரண்டு மூன்று பேரும் ஒரு கேமராவும் கொள்ளும். ஒரு பக்கத்தில் புனல் போல விரிந்த கூம்பு, அதன் வாயில் சுமார் 5 அடி அகலத்தில் தடித்த கண்ணாடி. இந்தக் கண்ணாடிக்கு முன்னால் உட்கார்வதற்கு எவ்வளவு தைரியம் வேண்டும் என்பதற்கு ஒரு கணக்கு சொல்கிறேன். கடலில் ஒவ்வொரு 10 மீட்டர் ஆழத்துக்கும் ஒரு சதுர மீட்டர் பரப்பின் மேல் ஏறத்தாழ 10 டன் எடை கூடிக்கொண்டே போகும். பூத்தானின் பெட்டியில் உள்ளேயும் அதே அழுத்தம் இருந்ததால் இரண்டும் சரிக்குச் சரி. வில்லியம்சனின் அறைக்குள் வெறும் தரைக் காற்று. தண்ணீர் தள்ளுவது முழுவதையும் கண்ணாடி ஒன்றே தாங்க வேண்டும். விரிசல் விட்டால் வெளியே ஓட ஒரே வழி, தலைக்கு மேலிருக்கும் அந்த இரும்புக் குழாய்.

1914-ல் அறையையும் குழாயையும் எடுத்துக்கொண்டு பஹாமாஸின் தலைநகர் நசாவுக்குப் போனார்கள். குழாயைத் தொங்கவிடுவதற்கென்று ஒரு தட்டைப் படகு கட்டி, கடலடிப் பயணத்தைக் கதையாக எழுதிய பிரெஞ்சு நாவலாசிரியரின் பெயரை, ‘ஜூல்ஸ் வெர்ன்’ என்று, அதற்கு வைத்தார்கள். கூடவே போனவர்கள் தம்பி ஜார்ஜும், கார்ல் லூயிஸ் கிரிகரி என்ற ஒளிப்பதிவாளரும்.

ஏன் பஹாமாஸ்? அந்தத் தீவுகள் முழுவதும் சுண்ணாம்புப் பாறை. பெய்யும் மழை பாறைக்குள்ளேயே இறங்கிவிடும். சேற்றை அள்ளிக்கொண்டு கடலுக்கு வர அங்கே பெரிய ஆறு ஒன்றும் கிடையாது. அதனால் கடல் அப்படியொரு தெளிவு. அடியில் வெள்ளை மணல். மேலிருந்து வரும் வெயிலை அது திருப்பி அடிப்பதால் கீழேயிருந்தும் வெளிச்சம் கிடைக்கும். நார்ஃபோக்கில் கலங்கிய தண்ணீரோடு மல்லுக்கட்டிய வில்லியம்சனுக்கு இது திறந்தவெளி ஸ்டுடியோ மாதிரி. மேகமூட்டத்துக்கும் இரவுக்கும் பாதரச ஆவி விளக்குகளைச் சட்டத்தில் கட்டித் தண்ணீருக்குள் இறக்கினார்கள்.

பல கட்டுரைகளில் விட்டுப்போகிற இன்னொரு விஷயமும் உண்டு. கடல்நீர் முதலில் விழுங்குவது சிவப்பு நிறத்தை. சில மீட்டர் இறங்கியதுமே சிவப்பு மங்கி, எல்லாம் நீலமும் பச்சையுமாக ஆகிவிடும். இன்று கடலடியில் படம் எடுப்பவர்களுக்கு இது பெரிய தலைவலி. அன்றைய கறுப்பு வெள்ளைச் சுருளோ சிவப்பைக் கண்டுகொள்ளவே கண்டுகொள்ளாது. நீலத்துக்கும் பச்சைக்கும்தான் அது துடிப்பாக இருக்கும். தரையில் நடிகர்களின் உதட்டைக் கறுப்பாகக் காட்டி எரிச்சலூட்டிய அதே குறை, கடலுக்கடியில் நிறையாகிவிட்டது. இருக்கிற வெளிச்சத்துக்கும் இருக்கிற சுருளுக்கும் அப்படி ஒரு பொருத்தம்.

பவளப் பாறைகள், மீன் கூட்டம், நசாத் துறைமுகத்தில் பயணிகள் வீசும் காசுக்காகக் குதித்து மூழ்கும் உள்ளூர்ப் பையன்கள் என்று எடுத்துத் தள்ளினார்கள். ஆனால் முதலீடு செய்தவர்களுக்கு வில்லியம்சன் ஒரு வாக்குக் கொடுத்திருந்தார்: மனிதன் சுறாவோடு நேருக்கு நேர் சண்டை போடும் காட்சி படத்தில் இருக்கும் என்று. சுறாக்களை வரவழைக்கச் செத்த குதிரை ஒன்றைத் தண்ணீரில் கட்டித் தொங்கவிட்டார்கள். உள்ளூர் மூழ்காளர்கள் கத்தியோடு குதித்தார்கள். சண்டை நடந்தது, ஆனால் கேமராவின் பார்வைக்கு வெளியே. கேமராதான் அறைக்குள் சிறைப்பட்டிருக்கிறதே, அது எப்படித் துரத்திக்கொண்டு போகும்? கடைசியில் வில்லியம்சனே கத்தியை எடுத்துக்கொண்டு குதித்தார். கண்ணாடிக்கு நேர் எதிரே சுறாவைக் குத்தினார். உள்ளே கிரிகரி கைப்பிடியை நிறுத்தாமல் சுற்றினார். வாக்குக் காப்பாற்றப்பட்டது.

இந்தக் காட்சியை நினைத்து நான் மகிழவில்லை. வேடிக்கைக்காக ஒரு சுறா கொல்லப்பட்டது. கடல் என்றால் பயங்கரம், சுறா என்றால் எதிரி என்று பல தலைமுறைகள் நம்பியதில் இந்த மாதிரிப் படங்களுக்கும் பங்கு உண்டு. அதே சமயம், ஜன்னலுக்கு எதிரே எங்கே நின்றால் படத்தில் விழும் என்பதைத் தெரிந்து வைத்திருந்த மனிதர் தானே குதித்தார் என்பதையும் சொல்லியாக வேண்டும். கடலடிச் சட்டகம் என்ற ஒன்றை முதலில் மனதில் வரைந்து பார்த்தவர் அவர்.

இரண்டு ஆண்டுகள் கழித்து அவருடைய மிகப் பெரிய வேலை வந்தது. யுனிவர்சல் நிறுவனம் ஜூல்ஸ் வெர்னின் கடலடி நாவலை முழுநீளப் படமாக எடுக்கத் துணிந்தது. இயக்குநர் ஸ்டூவர்ட் பேட்டன். கடலடிக் காட்சிகள் வில்லியம்சன் சகோதரர்களின் பொறுப்பு. கீழே கேமராவைச் சுற்றியவர் யூஜின் காடியோ. ‘கடலுக்கடியில் 20,000 லீக்’ என்று பெயர் கொண்ட அந்தப் படம் 1916 டிசம்பரில் வெளியானது. படம் தொடங்கும்போது முதலில் வெர்னின் உருவம் வரும். அடுத்து வில்லியம்சன் சகோதரர்கள் இருவரும் தோன்றித் தொப்பியைக் கழற்றி வணக்கம் சொல்வார்கள். கதாநாயகன் வருவதற்கு முன்னால் தொழில்நுட்பக்காரர்களுக்குத் திரையில் இப்படி ஒரு மரியாதை! முதல் தடவை பார்த்தபோது எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது.

நமக்கு இந்தப் படத்தோடு ஒரு ஒட்டுறவு உண்டு. கதையில் வரும் நீர்மூழ்கிக் கப்பலின் தலைவன் கேப்டன் நெமோ யார் என்பதை வெர்ன் ‘மர்மத் தீவு’ என்ற தன் பிந்தைய நாவலில்தான் உடைத்துச் சொல்கிறார்: ஆங்கிலேயரை எதிர்த்துப் போராடித் தோற்ற இந்திய இளவரசன், திப்பு சுல்தானின் உறவினன். 1916 படம் அந்த இரண்டு நாவல்களையும் கலந்து எடுத்தது. நெமோவை இந்திய இளவரசனாகவே காட்டியது. நாவலில் நெமோவின் கப்பல் மன்னார் வளைகுடாவுக்கு வருகிறது. அங்கே முத்துக்குளிக்கும் ஒரு ஏழையைச் சுறா தாக்குகிறது. நெமோ காப்பாற்றி, கை நிறைய முத்தும் கொடுக்கிறான். தூத்துக்குடிக்கும் சிலாபத்துக்கும் இடையே காலம் காலமாக மூச்சடக்கி மூழ்கிய நம் ஆட்களில் ஒருவனைத்தான் வெர்ன் கற்பனை செய்திருக்கிறார். படத்தில் முத்துக்குளிப்பவன் இருக்கிறான். ஆனால் சுறாவுக்குப் பதில் ஆக்டோபஸ். நம் மீனவர்கள் பேய்க்கணவாய் என்று சொல்வார்களே, அதன் பூத வடிவம்.

அந்த ஆக்டோபஸ் வில்லியம்சனின் கைவேலை. ரப்பர், சுருள்வில், அழுத்தக் காற்று இவற்றால் கைகள் நீண்டு சுருள்கிற மாதிரி செய்து, உள்ளே ஒரு ஆளை உட்கார வைத்து இயக்கினார்கள். இன்றைய கண்ணுக்கு அது பொம்மை என்று உடனே தெரியும். கணினி இல்லை, நீச்சல் குளம் இல்லை; நிஜக் கடலின் நீரோட்டத்துக்கு நடுவில் அந்தப் பொம்மையை இயக்கி, நிஜ மூழ்காளரை அதன் பிடியில் சிக்க வைத்து எடுத்தார்கள் என்பதை மனதில் வைத்துப் பார்த்தால் மூச்சடைக்கும்.

ஆனால் என்னைக் கேட்டால் படத்தின் உயிர் ஆக்டோபஸில் இல்லை. நெமோவின் ஆட்கள் கடல் தரையில் நடந்து போகும் காட்சிகளில் இருக்கிறது. அவர்கள் தலைக்கவசத்திலிருந்து மேலே படகுக்குப் போகும் காற்றுக் குழாய் ஒன்றுமே தெரியாது. காரணம், முதுகில் சுமந்த சுவாசக் கருவி. வெளிவிடும் மூச்சிலுள்ள ஈரத்தோடும் கரியமில வாயுவோடும் வினைபுரிந்து ஆக்சிஜன் தரும் வேதிப்பொருள் அதற்குள் இருந்தது. அதை மாட்டிக்கொண்டுதான் ஆட்கள் சுதந்திரமாக நடந்தார்கள். வெர்ன் எழுத்தில் கற்பனை செய்த நடையை, அவர் இறந்து 11 ஆண்டுகள் கழித்து மனிதர்கள் கேமராவுக்கு முன்னால் நடந்து காட்டினார்கள்.

அதற்கு முன் திரையில் கடலடி வந்ததே இல்லையா என்றால், வந்தது. பிரான்சில் தந்திரக் காட்சிகளுக்குப் பேர்போன சினிமா முன்னோடி மெலியெஸ் 1898-லேயே கேமராவுக்கு முன்னால் மீன்தொட்டி ஒன்றை வைத்து, அதன் வழியாகப் பின்னாலிருக்கும் அரங்கைப் படம் பிடித்திருந்தார். பின்னணியில் துணித்திரை, முன்னால் மீன். அழகான தந்திரம், சந்தேகமில்லை. ஆனாலும் தொட்டி மீன் வேறு, பவளப் பாறை இடுக்கிலிருந்து தன் இஷ்டத்துக்கு வெளியே வருகிற மீன் வேறு.

சரி, 1916-க்கு அப்புறம்? வேலை ஓயவில்லை. 1924-ல் வந்த ஒரு கதைப்படத்துக்காகக் கடலடிக் காட்சிகளை டெக்னிகலர் என்ற வண்ணப்பட முறையில் எடுத்தார் வில்லியம்சன். சினிமாவில் கடலடி வண்ணத்துக்கு அது ஆரம்பம். 1922-ல் பஹாமாஸ் வந்த தொலைபேசி புகழ் அலெக்சாண்டர் கிரகாம் பெல், தன் கடைசி ஆண்டில், அந்தக் குழாய்க்குள் இறங்கிக் கடலடியைப் பார்த்தார். பிறகு எம்.ஜி.எம். என்ற ஹாலிவுட் நிறுவனம் வெர்னின் அந்த ‘மர்மத் தீவு’ நாவலை எடுக்க 1926-ல் வில்லியம்சனை நாடியது. சூறாவளி வந்து அரங்குகளைச் சுருட்டிக்கொண்டு போனது. இயக்குநர்கள் மாறினார்கள். 1929-ல் படம் வெளியானபோது அவர் பஹாமாஸில் பாடுபட்டு எடுத்ததில் பெரும்பகுதி அதில் இல்லை. ஹாலிவுட் ஸ்டுடியோவுக்குள்ளேயே கடலை உண்டாக்கக் கற்றுக்கொண்டிருந்தது.

இந்த இடத்தில் அவர் வாழ்க்கையில் அதிகம் பேசப்படாத, ஆனால் எனக்கு மிக முக்கியமாகப் படுகிற பகுதி வருகிறது. சினிமா கைவிட்ட கருவியை அருங்காட்சியகங்கள் பயன்படுத்திக்கொண்டன. நியூயார்க்கின் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தைச் சேர்ந்த ராய் வால்டோ மைனர், 1920-களில் வில்லியம்சனின் குழாயில் இறங்கி, ஆன்ட்ரோஸ் தீவின் பவளப் பாறையைக் கண்ணாடி வழியாக ஆராய்ந்தார். அவரது குழு சுமார் 40 டன் பவளத்தைக் கப்பலேற்றி நியூயார்க்குக்குக் கொண்டுபோனது. அதை வைத்து இரண்டு மாடி உயரத்தில், மேல் மாடியிலிருந்து பார்த்தால் கடலின் மேற்பரப்பும் கீழ் மாடியிலிருந்து பார்த்தால் கடலின் உட்புறமும் தெரிகிற மாதிரி ஒரு காட்சியை அமைத்தார்கள். 1935-ல் திறந்தார்கள். இப்போதும் இருக்கிறது, பெரிய நீலத்திமிங்கலம் தொங்குமே, அதே கூடத்தில்தான். 1929-ல் சிகாகோவின் ஃபீல்ட் அருங்காட்சியகமும் அவரோடு சேர்ந்து ஒரு பயணம் போனது.

40 டன் பவளத்தை வெட்டி எடுப்பதை இன்று யாரும் அனுமதிக்க மாட்டார்கள், அனுமதிக்கவும் கூடாது. ஆனால் பஹாமாஸ் பவளப் பாறைகள் சூடேறிய கடலில் வெளுத்துச் சாகும் இந்தக் காலத்தில், நூறு ஆண்டுகளுக்கு முன்னால் அவை எப்படி இருந்தன என்பதற்கு அந்தக் கூடமும் வில்லியம்சனின் சுருள்களும் சாட்சி. எடுத்தவர்கள் நினைத்துப் பார்க்காத பயன் இது.

1930-களில் அவர் மனைவி லைலாவும் கைக்குழந்தை சில்வியாவும் கூட ஃபோட்டோஸ்பியரில் இறங்கினார்கள்; 1932-ல் வந்த படத்தில் குடும்பமே திரையில் தோன்றியது. 1936-ல் தன் அனுபவங்களைப் புத்தகமாக எழுதினார். 1939-ல் நடந்தது இன்னும் விசித்திரம்: பஹாமாஸ் அரசு அந்த இரும்பு அறைக்குள் அதிகாரபூர்வமான தபால் நிலையம் ஒன்றைத் திறந்தது. கடலடியிலேயே முத்திரை குத்தி அனுப்பிய கடிதங்களைத் தபால்தலை சேகரிப்பவர்கள் இன்றும் தேடி வாங்குகிறார்கள். 1965-ல் பஹாமாஸ் வெளியிட்ட தபால்தலை வரிசையில் 5 ஷில்லிங் தலை அவருக்கானது: 1914 சினிமா முயற்சியும் 1939 தபால் நிலையமும் அதில் சேர்ந்திருக்கின்றன. அடுத்த ஆண்டு, 1966-ல், அவர் நசாவில் காலமானார்.

இப்போது கேள்வியின் இரண்டாம் பாதி: பெயர் ஏன் காதில் விழவில்லை?

முதல் காரணம், அவருடைய வெற்றி எதில் இருந்ததோ அதிலேயே இருந்தது. காற்றைக் கீழே கொண்டுபோனதால் கேமரா நனையவில்லை. ஆனால் கேமராவால் அறையை விட்டு நகரவும் முடியவில்லை. ஒரு கோணம் மாற்ற வேண்டுமானால் மேலே படகையே நகர்த்த வேண்டும். கடல் ஜன்னலுக்கு முன்னால் வந்தால்தான் படம். 1943-ல் கூஸ்தோவும் எமில் கான்யானும் சேர்ந்து உருவாக்கிய அக்வாலங் வந்ததும் நிலைமை அடியோடு மாறியது. முதுகில் காற்றுக் குப்பி, கையில் கேமரா. மீன் போகிற இடத்துக்கெல்லாம் மனிதனும் போகலாம். இதில் ஆஸ்திரியாவின் ஹான்ஸ் ஹாஸையும் சேர்க்க வேண்டும். அவரும் கூஸ்தோ காலத்திலேயே அதே பாதையில் நடந்தவர். அந்தப் பாதையை யோசித்தால் அது பூத்தானிடமிருந்து வருகிறது, வில்லியம்சனிடமிருந்து இல்லை. கேமராவைப் பெட்டிக்குள் வைத்துத் தண்ணீருக்குள் எடுத்துப்போகும் அந்தப் பழைய வழிதான் கடைசியில் வென்றது. தோற்ற வழியில் முதலில் போனவரை யார் நினைவில் வைப்பார்கள்?

இரண்டாவது, கூஸ்தோவுக்குத் தொலைக்காட்சி கிடைத்தது. 1956-ல் அவர் படம் பிரான்ஸின் கான் திரைப்பட விழாவின் உயர்ந்த பரிசை வென்றது. பிறகு உலகம் முழுவதும் வீட்டுக்கு வீடு அவர் முகம், அந்தச் சிவப்புத் தொப்பி. வில்லியம்சனின் படங்கள் மௌனப் படங்கள். பேசும்படம் வந்ததும் மௌனப்படங்களை யாரும் மதிக்கவில்லை. அந்தக் கால நைட்ரேட் சுருள் தானாகவே மக்கிப்போகும், எளிதில் தீப்பற்றும். 1954-ல் டிஸ்னி நிறுவனம் அதே வெர்ன் நாவலை மறுபடி எடுத்தது. அதன் கடலடிக் காட்சிகளுக்கு அவர்கள் தேர்ந்தெடுத்த இடமும் அதே நசாக் கடல்தான். அந்தப் படத்தின் ராட்சதக் கணவாய் உலகப் புகழ் பெற்றது. அதே கடலில் 38 ஆண்டுகள் முன்பு ஒரு ரப்பர் ஆக்டோபஸ் நடித்தது யார் நினைவிலும் இல்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். வில்லியம்சன் மறக்கப்பட்டார் என்று நான் வருத்தப்பட்டு எழுதுகிறேன். அவருக்காவது ஒரு தபால்தலை இருக்கிறது, ஒரு சுயசரிதை இருக்கிறது. 1914-ல் கீழே கேமராவைச் சுற்றிய கார்ல் லூயிஸ் கிரிகரியின் பெயரைக் கடலடிச் சினிமா பற்றிய கட்டுரைகளில் கூட அரிதாகத்தான் பார்க்க முடியும். அவர் பிற்காலத்தில் அமெரிக்காவின் தேசிய ஆவணக் காப்பகத்தில் சேர்ந்து, சுருங்கிப்போன பழைய படச்சுருள்களைப் பிரதி எடுத்துக் காப்பாற்றும் வேலையைச் செய்தார். பஹாமாஸ் மூழ்காளர்களுக்கு அதுவும் இல்லை. கத்தியோடு சுறாவுக்கு முன்னால் முதலில் குதித்தவர்கள் அவர்கள். எந்த இடத்தில் தண்ணீர் தெளியும், எந்த நேரத்தில் நீரோட்டம் திரும்பும் என்பதெல்லாம் அந்தக் கடலிலேயே பிறந்து வளர்ந்தவர்களின் அறிவு. காசுக்குக் குதித்த பையன்களின் முகமும் உடலும் உலகத்தின் முதல் கடலடிச் சினிமாவில் பதிவாகியிருக்கின்றன. பெயர்கள் இல்லை.

பார்க்க ஆசைப்படுகிறவர்களுக்கு: 1916 படம் முழுசாகத் தப்பிப் பிழைத்திருக்கிறது. 2016-ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. காப்புரிமை முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகவே பார்க்கலாம். கதைப் பகுதி பழைய பாணி. நெமோவின் தாடியும் ஒப்பனையும் பொறுமையைச் சோதிக்கலாம். பிடிக்காவிட்டால் அதை ஓட்டிவிடுங்கள். நெமோ தன் விருந்தாளிகளைக் கப்பலின் பெரிய ஜன்னலுக்கு அழைத்துப்போய்த் திரையைத் திறக்கும் இடத்தில் மட்டும் நிறுத்திக்கொள்ளுங்கள். கதைப்படி அது அவன் கப்பலின் ஜன்னல். நீங்கள் உண்மையில் பார்ப்பது ஃபோட்டோஸ்பியரின் ஐந்தடிக் கண்ணாடி வழியாக.